பெயருக்கு உரியவர் யார்?

திருப்பூரில் தைத்து முடிக்கப்பெறும் ஒவ்வொரு பனியனின் கழுத்தின் உட்புறத்திலும் ஒரு சிறு துணித்துண்டு இருக்கும். லேபிள் என்று எல்லோரும் அழைக்கும் அந்தத் துண்டில் ஒரு பெயர் உண்டு. பஞ்சை நூலாக்கியவர், நூலைத் துணியாகப் பின்னியவர், சாயமேற்றியவர், வெட்டியவர், ஓவர்லாக்கிலும் பேட்லாக்கிலும் தைத்தவர், கைமடித்தவர், பிசிர் வெட்டியவர், செக்கிங் பார்த்தவர், அயர்ன் செய்தவர் என எத்தனையோ பேரின் கைபட்டு வந்த ஆடை அது. இவர்களுள் ஒருவர் பெயரும் அத்துண்டில் இராது. அங்கிருப்பது கடல் கடந்த ஒரு நிறுவனத்தின் பெயர். அதை அங்கே வைத்துத் தைத்த டைலருக்கே அவ்வெழுத்துகளைப் படிக்கத் தெரிந்திருக்க வேண்டும் என்பதும் இல்லை.

இதனை ஒரு குற்றமாக எடுத்துரைக்க நான் இங்கு முற்படவில்லை. வாணிபத்தின் நடைமுறை இது. இந்நடைமுறையால் இக்கொங்கு மண்ணில் பல்லாயிரம் அடுப்புகள் எரிகின்றன. ஆயினும், பலர் கூடிச் செய்த ஒன்றின்மேல் ஒருவரின் பெயர் மட்டும் நிற்கும்போது மற்றவர்க்கு நாம் பட்ட கடன் கூலியோடு தீர்ந்துவிடுகிறதா என்னும் வினா எழாமல் இருப்பதில்லை. இவ்வினாவை ஆடையில் தேடுவதைவிட நூலில் தேடுவது எளிது. 'நூல்' என்னும் சொல்லைத் தமிழில் இழைக்கும் ஏட்டுக்கும் பொதுவாக வைத்த நம் முன்னோர் காரணமின்றி வைக்கவில்லை. பெருந்துறையை அடுத்த சீனாபுரத்தைச் சேர்ந்தவர் என்று சொல்லப்பெறும் பவணந்தி முனிவர், தம் நன்னூலில் சொல்லைப் பஞ்சாகவும், புலவனை நூற்கும் பெண்ணாகவும், அவன் வாயைக் கையாகவும், அறிவைக் கதிராகவும் உருவகப்படுத்துகிறார். புலவனுக்கு உவமை தேடியவர் அரசனிடமோ முனிவனிடமோ போகாமல் ஓர் உழைப்பாளிப் பெண்ணிடம் போயிருக்கிறார் என்பது எனக்கு என்றும் வியப்பளிப்பது.

ஏட்டுலகில் இவ்வினாவுக்கு மிகச் சிறந்த சான்று பிரெஞ்சு இலக்கியத்தில் இருக்கிறது. அது ஒரு குடும்பப் பெயர்: டூமா. எழுதும்போது இறுதியில் 'ஸ்' வரும், ஒலிக்கும்போது வராது. புதுச்சேரியில் கடற்கரைச் சாலைக்கு அடுத்தபடியாக டூமா வீதி இருக்கிறது. கப்ஸ் கோயில் என்று மக்கள் அழைக்கும் இறைத்தூதர்களின் அன்னை ஆலயத்துக்கு ஒருபுறம் டூமா வீதி. மறுபுறம் ரொமேன் ரோலான் வீதி. ரோலான் நோபல் பரிசு பெற்ற எழுத்தாளர் ஆதலால், பக்கத்து வீதியும் 'மூன்று துப்பாக்கி வீரர்கள்' எழுதிய டூமாவின் பெயரைத்தான் தாங்குகிறது என எண்ணிக்கொள்வோர் உண்டு. உண்மையில் அது 1735 முதல் 1741 வரை புதுச்சேரி ஆளுநராக இருந்த பெனுவா டூமாவின் பெயர். அவர் காலத்தில்தான் ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பு தொடங்குகிறது. காரைக்காலும் அவர் காலத்தில்தான் பிரெஞ்சுக்காரர் கைக்கு வந்தது. எழுத்தாளர் டூமாவுக்கும் அவருக்கும் உறவேதும் இல்லை. பெயர் ஒன்றானால் குடும்பமும் ஒன்று என்று கொள்ள முடியாது. 1874-இலும் 1875-இலும் அடுத்தடுத்துப் பிரெஞ்சு அக்காதெமிக்குத் தேர்வு பெற்ற இருவர் டூமா என்னும் பெயருடையோர். ஒருவர் நாடகாசிரியர், மற்றவர் வேதியியலார். இவர்களும் உறவினர் அல்லர்.

நமக்கோ குடும்பப் பெயர் என்பதே அந்நியமானது. தந்தை பெயரின் முதலெழுத்து ஒரு தலைமுறையோடு முடிந்துவிடும். 1881-ஆம் ஆண்டின் ஆணைப்படி புதுச்சேரித் தமிழருள் ஒரு சாரார், அவர்களில் பலர் கிறிஸ்தவர், தம் மரபுச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுச் சட்டத்துக்கு உட்பட்டபோது, ஒரு குடும்பப் பெயரைப் புதிதாகத் தேர்ந்துகொள்ள வேண்டியதாயிற்று. சாதியை உணர்த்தும் பெயரிலிருந்து விடுபட அதனை ஒரு வாயிலாகக் கண்டவரும் உண்டு. பெயர் ஒருவனைச் சிறைப்படுத்தவும் கூடும், விடுவிக்கவும் கூடும் என்பதற்கு இதுவே போதும்.

எழுத்தாளர் டூமாவின் குடும்பத்தில் அப்பெயர் வந்த வரலாறு இதைவிடக் கடுமையானது. இன்று ஹைத்தி எனப்படும் தீவில், அன்றைய பிரெஞ்சுக் குடியேற்றத்தில், மாரி-செசெத் என்னும் ஓர் ஆப்பிரிக்க அடிமைப் பெண் வாழ்ந்தாள். அவளுக்கும் பிரெஞ்சுப் பிரபு ஒருவருக்கும் 1762-இல் ஒரு மகன் பிறந்தான். அத்தந்தை நாடு திரும்பும் செலவுக்காகத் தம் மகனையே விற்று, பின்னர் மீட்டுப் பிரான்சுக்கு வரவழைத்தார். 1786-இல் அந்த இளைஞன் சாதாரணப் படைவீரனாகச் சேர விரும்பியபோது, தம் உயர்குடிப் பெயர் கடைநிலை வீரர் வரிசையில் கிடப்பதைத் தந்தை விரும்பவில்லை. மகன் தாயின் பெயரை எழுதிக் கொடுத்தான்: டூமா. தென்பிரெஞ்சு வழக்கில் 'மா' என்பது பண்ணை வீட்டைக் குறிக்கும். பண்ணையைச் சேர்ந்தவள் என்னும் பொருளில்தான் அவளுக்கு அது வழங்கியிருக்கலாம் என்பர் சிலர். 'பண்ணையாள்' என்னும் நம் சொல்லை இங்கு நினைத்துக்கொள்ளலாம். அப்பெயரோடு அவன் புரட்சிப் படையின் தளபதியாக உயர்ந்தான். தந்தையின் நீண்ட பிரபுப் பெயரை இன்று யாரும் நினைவுகூர்வதில்லை.

அத்தளபதியின் மகனே நாவலாசிரியர் அலெக்சாண்டர் டூமா (1802-1870). அவருடைய மகனும் அலெக்சாண்டர் டூமாதான் (1824-1895). தந்தை, மகன் என்று ஒட்டுச் சேர்த்தே இலக்கிய உலகம் இருவரையும் பிரித்தறிகிறது. மகனின் தாய் மாரி-கத்தரீன் லபே. அவள் ஒரு தையற்காரி. திருமணமாகாத தாய்க்குப் பிறந்த அம்மகனைத் தந்தை 1831-இல்தான் சட்டப்படி ஏற்றுக்கொண்டார். ஏற்றுக்கொண்டதன் விளைவு என்னவெனில், சட்டம் குழந்தையைத் தாயிடமிருந்து பிரித்து விடுதிப் பள்ளிக்கு அனுப்பியதுதான். தந்தை பெயரைப் பெற்ற நாளில் சிறுவன் தாயை இழந்தான். அங்கே சக மாணவரின் ஏளனம் வேறு. பிற்காலத்தில் அவர் 'முறைப்படி பிறவாத மகன்' என்னும் நாடகத்தை (1858) எழுதியதில் வியப்பில்லை. தையல் ஊசியைப் பிடித்து அவனை ஏழாண்டு வளர்த்தவளின் பெயர் அவர் நூல்களின் அட்டையில் இல்லை. ஆக, பாட்டியின் பெயர் மூன்று தலைமுறைக்கு ஒளிவீச, தாயின் பெயர் ஒரு தலைமுறையிலேயே மறைந்தது. (தந்தை, மகன் இருவருடைய காதற் கதைகளும் 1863-இல் திருச்சபையின் தடைநூற் பட்டியலில் சேர்க்கப்பட்டன. அப்பட்டியலின் சட்ட வலிமை 1966-இல் முடிவுக்கு வந்தது. ஆகவே நம் வாசகர் மனம் உறுத்தாமல் மேலே படிக்கலாம்!)

நம் வினாவின் நடுப்பகுதி இனிமேல்தான் வருகிறது. 'மூன்று துப்பாக்கி வீரர்கள்', 'மொந்தே கிறிஸ்தோ கோமகன்', 'இருபது ஆண்டுகளுக்குப் பின்' ஆகிய நாவல்களை டூமா தனியே எழுதவில்லை. ஒகுஸ்த் மக்கே என்னும் வரலாற்று ஆசிரியர் அவரோடு உழைத்தார். பழைய ஆவணங்களைத் தேடுவது, கதையின் எலும்புக்கூட்டை அமைப்பது, முதற்படியை எழுதுவது ஆகியவை பெரும்பாலும் மக்கேயின் பணி. அந்தப் படியை எடுத்து, உரையாடலும் விரைவும் நகையும் ஊட்டி உயிர் கொடுத்தவர் டூமா. அட்டையில் ஒரு பெயர்தான் இருந்தது. தொடக்கத்தில் ஒரு கதைக்கு இருவர் பெயரையும் போட டூமா விரும்பியபோது, டூமா என்று கையெழுத்திட்ட கதைக்கு வரிக்கு மூன்று பிராங்கு, 'டூமாவும் மக்கேயும்' என்றால் அதில் பாதிதான் என்று பத்திரிகை அதிபர் சொன்னாராம். திருப்பூர்க்காரர் எவருக்கும் இக்கணக்கை விளக்க வேண்டியதில்லை. துணியும் தையலும் ஒன்றே. லேபிள் மாறினால் விலை மாறும்.

1845-இல் மிர்கூர் என்பவர் ஒரு துண்டு நூல் வெளியிட்டார். அதன் தலைப்பே 'நாவல் தொழிற்சாலை: அலெக்சாண்டர் டூமா கம்பெனி' என்பதாக அமைந்தது. டூமாவின் ஆப்பிரிக்க வழித்தோன்றலையும் அதில் இழிவாக ஏசியிருந்தார். டூமா வழக்குத் தொடுக்க, மிர்கூருக்குச் சிறைத்தண்டனை கிடைத்தது. இங்கு நாம் சற்று நிதானிக்க வேண்டும். மக்கேயின் பெயர் மறைக்கப்பட்டது உண்மை. ஆனால் அவ்வுண்மையை உரக்கச் சொன்னவர் மக்கேயின்மேல் இரக்கம் கொண்டு சொல்லவில்லை. அடிமைப் பெண்ணின் பேரனுக்கு இவ்வளவு புகழா என்னும் காழ்ப்பினால் சொன்னார். நீதியின் மொழியைப் பேசுகின்ற வாயெல்லாம் நீதியின் வாய் அன்று.

அந்த ஆண்டு மார்ச்சு மாதத்தில் மக்கேயே, நூல்களில் தமக்கு உரிமை ஏதும் கோருவதில்லை என டூமாவுக்குக் கடிதம் எழுதிக் கொடுத்தார். அக்டோபரில் 'துப்பாக்கி வீரர்கள்' நாடகமாக மேடையேறியபோது, முடிவில் ஆசிரியர் பெயர்களை அறிவிக்கையில் மக்கேயின் பெயரையும் சேர்த்துச் சொல்லுமாறு டூமா ஏற்பாடு செய்திருந்தார். அரங்கில் இருந்த மக்கே அதனை எதிர்பார்க்கவே இல்லை. டூமா கொடியவர் அல்லர் என்பதற்கு இது சான்று. எனினும் அச்சிட்ட அட்டை மாறவில்லை. பேசியபடி பணமும் வராமற்போகவே மக்கே நீதிமன்றம் சென்றார். 1858-இல் தீர்ப்பு வந்தது: பணம் உண்டு, பெயர் இல்லை.

இத்தீர்ப்பை எத்தனை முறை எண்ணினாலும் அதன் கூர்மை மழுங்குவதில்லை. நீதிமன்றம் உழைப்பை ஒப்புக்கொண்டது. அதற்கு விலையும் வைத்தது. உழைத்தவரை மட்டும் ஒப்புக்கொள்ளவில்லை. மக்கே வறுமையில் சாகவில்லை, வசதியோடே வாழ்ந்து 1888-இல் மறைந்தார். பாரிசு நகரின் பெர் லஷேஸ் கல்லறைத் தோட்டத்தில் அவர் கல்லறையின்மேல் அந்நாவல்களின் தலைப்புகள் பொறிக்கப்பட்டுள்ளன. அட்டையில் கிடைக்காத பெயரைக் கல்லில் எழுதிக்கொண்டார். டூமாவின் உடலோ 2002-இல் அரச மரியாதையுடன் பாந்தெயோனுக்குக் கொண்டுசெல்லப்பட்டது.

பெயரை இழப்பது என்றால் என்ன என்பதை இவ்விருவரும் தம் கதைகளில் நன்றாகவே அறிந்து எழுதினார்கள் என்பதுதான் இதில் உள்ள விந்தை. மொந்தே கிறிஸ்தோ கதையில் குற்றமற்ற தாந்தேஸ் இஃப் கோட்டையின் நிலவறையில் அடைக்கப்படுகிறான். புதிதாக வந்த சிறை அதிகாரிக்குக் கைதிகளின் பெயர்களைக் கற்றுக்கொள்வது வீண் வேலையாகத் தோன்றுகிறது. எண்களைக் கற்றுக்கொண்டால் போதும் என்று முடிவு செய்கிறார். அன்று முதல் தாந்தேஸ் என்னும் மனிதன் இல்லை. எண் 34 இருக்கிறான். மற்றொரு கதையில், அரசனின் முகச்சாயல் கொண்ட ஒருவன் முகமும் பெயரும் வெளித்தெரியாதபடி இரும்பு முகமூடி மாட்டப்பெற்றுச் சிறையில் கிடக்கிறான். இந்த இரண்டாவது கதை நமக்குப் புதியதன்று. சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் 1940-இல் பி. யு. சின்னப்பாவைக் கொண்டும், பின்னர் 1958-இல் சிவாஜி கணேசன் நடிப்பிலும் வந்த 'உத்தம புத்திரன்' அதுதான். டூமாவின் 'கார்சிகச் சகோதரர்கள்' 1949-இல் ஜெமினியின் 'அபூர்வ சகோதரர்க'ளாகவும், 1971-இல் எம்.ஜி.ஆரின் 'நீரும் நெருப்பும்' படமாகவும் வந்தது. கொட்டகையில் கைதட்டிய நம் தாத்தாக்களில் எத்தனை பேர் டூமாவின் பெயரைக் கேட்டிருப்பார்கள்? மக்கேயின் பெயரை விழுங்கிய டூமாவின் பெயரைக் கடலுக்கு இப்பால் திரையுலகம் விழுங்கியது எனலாம்.

இவ்விடத்தில் ஒரு மறுப்பு எழும். அதுவும் நற்செய்தியிலிருந்தே எழும். வலக்கை செய்வது இடக்கைக்குத் தெரியாதிருக்கட்டும் என்றல்லவா ஆண்டவர் போதித்தார்? அறியப்படாதிருப்பதை விரும்பு என்று கற்பிக்கும் 'கிறிஸ்து அனுசாரம்' ஆசிரியர் பெயரின்றியே முதலில் வழங்கவில்லையா? நம் சங்கப் பாடல்களிலும், பெயர் தெரியாமற்போன புலவரைப் பாடலிலுள்ள தொடரைக் கொண்டே செம்புலப்பெயனீரார் என்றும், தேய்புரிப் பழங்கயிற்றினார் என்றும் அழைக்கிறோமே? அவர்கள் தம் பெயருக்காக வருந்தினார்களா? பெயருக்கு ஆசைப்படுவது செருக்கின் தொடக்கம் ஆகாதா?

ஆகலாம். ஆனால் இங்கே இரு வேறு செயல்கள் ஒன்றாகக் குழப்பப்படுகின்றன. என் பெயரை நானே மறைத்துக்கொள்வது தாழ்ச்சி. அடுத்தவன் பெயரை நான் மறைத்துவிட்டு, 'தாழ்ச்சி நல்லது' என்று அவனுக்குப் போதிப்பது தாழ்ச்சியாகாது. இடக்கைக்குத் தெரியாமல் கொடுக்கச் சொன்ன ஆண்டவர், இடக்கையின் உழைப்பை வலக்கை தன் கணக்கில் எழுதிக்கொள்ளச் சொல்லவில்லை. தொழிற்கூடத்திலும் குடும்பத்திலும், ஏன், நம் பங்குகளிலுங்கூட, விழா மலரில் யார் பெயர் வருகிறது, பந்தலுக்குக் குழி தோண்டியவர் பெயர் வருகிறதா என்று பார்த்தால், இக்குழப்பம் எவ்வளவு வசதியானது என்பது விளங்கும்.

விவிலியம் இதில் காட்டும் போக்கு கூர்ந்து நோக்கத் தக்கது. விடுதலைப் பயண நூலின் தொடக்கத்தில் எகிப்தின் மன்னன் வருகிறான். அவன் பட்டம் மட்டும் சொல்லப்படுகிறது, பெயர் சொல்லப்படவில்லை. அதே பக்கத்தில் அவனுக்குப் பணியாமல் குழந்தைகளைக் காத்த இரு மருத்துவச்சிகளின் பெயர்கள் தெளிவாக எழுதப்பட்டுள்ளன: சிப்ரா, பூவா. மத்தேயு எழுதிய ஆண்டவரின் தலைமுறை அட்டவணையில் பத்சேபாவின் பெயர் இல்லை. 'உரியாவின் மனைவி' என்றே குறிக்கப்படுகிறாள். அப்பெண்ணுக்கு அது குறைதான். ஆயினும் தாவீது கொல்லச் செய்து மறைக்க முயன்ற உரியாவின் பெயர், தாவீதின் வம்ச வரிசைக்குள்ளேயே அழிக்கமுடியாதபடி நின்றுவிட்டது. அரச குடும்பத்தின் பெயர்ப் பட்டியல் தன் குற்றத்தையும் சுமந்துகொண்டே வருகிறது.

திருப்பூருக்குத் திரும்புவோம். 'லேபிளில் என் பெயர் வந்து நான் என்ன காணப்போகிறேன்? பீஸ் ரேட்டை உயர்த்திக் கொடுத்தால் போதும்' என்று ஒரு டைலர் சொன்னால் அதற்கு எதிர்வாதம் கிடையாது. கூலி முதலில், பெயர் பிறகுதான். நியாயமான கூலி தராமல் பாராட்டிதழ் தருவது ஏமாற்று வேலை. 1858-இன் தீர்ப்பில் பாதியாவது நீதி இருந்தது, பணமாவது கிடைத்தது. ஆனால் மறுபாதி தேவையற்ற ஆடம்பரம் என்று நான் கருதவில்லை. இரண்டாம் ஜான் பால் 1981-இல் வெளியிட்ட மனித உழைப்பைப் பற்றிய சுற்றுமடல், வேலையின் மதிப்பு செய்யப்படும் பொருளில் இல்லை, செய்பவர் ஒரு மனிதர் என்பதில் இருக்கிறது என்று கற்பிக்கிறது. செய்பவர் மனிதர் என்றால் அவருக்கு ஒரு பெயர் உண்டு. ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்து பக்கத்து எந்திரத்தில் ஆறு மாதம் அமர்ந்திருக்கும் இளைஞனைப் 'பையா' என்றும் 'இந்திக்காரன்' என்றும் அழைப்பதோடு நிறுத்திக்கொள்கிற நாம், வெளிநாட்டு லேபிளைக் குறைகூறத் தகுதி உடையவர்தாமா?

இன்னுமொன்று. தொழிற்கூடத்தில் தைத்தவரை அடையாளம் காண வழியே இல்லை என்பது சரியன்று. வருகைப் பதிவில் ஒவ்வொருவருக்கும் டோக்கன் எண் உண்டு. பல கம்பெனிகளில் துணிக்கட்டோடு செல்லும் சீட்டில், எந்தக் கட்டை யார் தைத்தார் என்பதும் குறிக்கப்படுகிறது. செக்கிங்கில் தையல் விட்டிருப்பதோ ஓட்டை விழுந்திருப்பதோ தெரிந்தால் அச்சீட்டைப் பார்த்து ஆளை அழைக்கிறார்கள். பிழையற்ற ஆயிரம் உருப்படிக்காக அந்தச் சீட்டை எடுத்துப் பார்ப்பவர் எத்தனை பேர்? பிழை நேரும்போது மட்டும் உரியவரைத் தேடும் ஏற்பாட்டைப் பொறுப்பு என்று சொல்லலாம். மதிப்பு என்று சொல்ல இயலாது. தரம் நன்றாக இருக்கிறது என்று வாங்குபவரிடமிருந்து வரும் கடிதத்தை, அந்த வரிசையில் தைத்தவர்களுக்குப் பெயர் சொல்லிப் படித்துக் காட்ட ஒரு ரூபாயும் செலவாகாது.

உரோமையருக்கு எழுதிய திருமுகம் தூய பவுலின் பெயரால் வழங்குகிறது; வழங்க வேண்டியதும் அப்படித்தான். சிந்தனை அவருடையது. ஆனால் அதன் கடைசி அதிகாரத்தில், வாழ்த்துகள் நிறைந்த பகுதியில், திடீரென வேறொரு குரல் கேட்கிறது. பவுல் சொல்லச் சொல்ல எழுதியவர், தாமே தம் பெயரைச் சொல்லி, உரோமைச் சபைக்கு ஆண்டவர் பெயரால் வாழ்த்துக் கூறுகிறார். அவர் தெர்த்தியு. பவுல் அந்த வரியை அடித்துவிடச் சொல்லவில்லை. திருச்சபை ஏறக்குறைய இரண்டாயிரம் ஆண்டுகளாக அதனை இறைவாக்காகவே வாசித்து வருகிறது. தெர்த்தியு என்னும் இலத்தீன் பெயருக்கு 'மூன்றாமவன்' என்று பொருள். அடுத்த வசனத்தில் வருபவர் குவார்த்து, 'நான்காமவன்'. அடிமைகளுக்கும் இத்தகைய எண்ணுப் பெயர்கள் வழங்கிய காலம் அது. அந்த நான்காமவனின் பெயருக்கு முன்னால் திருமுகம் சேர்த்திருக்கும் ஒரே சொல் 'சகோதரர்'.